எட்டே எட்டுத் தோல்வி: வாசகர் கேள்வி பதில்

2022 நவம்பரில் மகள் வீட்டுக்குக் கனடாவின் மாண்ட்ரியல் நகரம் போய், ஒரு குளிர்காலம் முழுக்க இருந்துவிட்டு வந்த கதையைப் போன இதழில் எழுதியிருந்தேன். அதில் அந்த ஊர் ஐஸ் ஹாக்கி அணியான கனடியன்ஸைப் பற்றி வந்தது நாலே வரி. வந்த கடிதங்களில் முக்கால்வாசி அந்த நாலு வரியைப் பிடித்துக்கொண்டுதான் வந்திருக்கின்றன. சரி, கிரிக்கெட் கேள்விகள் ஒரு மாதம் பொறுத்துக்கொள்ளட்டும். இந்தத் தடவை பக்கம் முழுக்கப் பனித்தரைதான்.

புதிதாகப் படிப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. நான் சேலம் இரும்பாலையில் தரப் பரிசோதனையில் இருந்து ஓய்வு பெற்றவன். மைக்ரோமீட்டர் பிடித்துப் பழகிய கை. தகட்டின் கனம் இவ்வளவு என்று வெறும் எண்ணை மட்டும் எழுதினால் எங்களுக்குள் யாரும் ஒப்புக்கொள்ள மாட்டோம். ஓரத்தில் அளந்ததா, நடுவில் அளந்ததா, எந்தச் சுருளில் என்று கேட்போம். விளையாட்டுச் சாதனைகளையும் அப்படித்தான் பார்க்கிறேன்.

கே: ஐஸ் ஹாக்கி என்பது நம்ம ஹாக்கியையே பனியில் ஆடுவதுதானா? அந்த அணி அப்படி என்னதான் சாதித்தது?
– ஆத்தூரிலிருந்து ஒரு வாசகி

ப: பேர்தான் ஒன்று, அம்மா. நம்ம ஹாக்கியில் பக்கத்துக்குப் பதினொரு பேர். இதில் ஆறு பேர். பந்து கிடையாது. 'பக்' என்று ஒரு கெட்டி ரப்பர் வில்லை. மூன்று அங்குல அகலம், ஓர் அங்குல கனம், எடை 170 கிராம் வாக்கில். நாலைந்து தட்டுவடையை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கின மாதிரி கையில் உட்காரும். ஆட்டத்துக்கு முன்னால் அதை ஃபிரீசரில் வைத்து உறைய விட்டுத்தான் எடுப்பார்கள். இல்லாவிட்டால் ரப்பர் துள்ளும், தரையோடு வழுக்கிக்கொண்டு போகாது. 200 அடி நீளம், 85 அடி அகலத்தில் பனித்தரை. இருபது நிமிஷம் வீதம் மூன்று பகுதி. ஆட்டம் ஓடிக்கொண்டிருக்கும்போதே ஆட்கள் வேலிக்கட்டையைத் தாண்டி உள்ளே குதிப்பதும் வெளியே ஏறுவதுமாக இருப்பார்கள். முக்கால் நிமிஷம் முழு வேகத்தில் சறுக்கினால் மூச்சு வாங்கிவிடும், அடுத்த ஆள் வந்தே தீர வேண்டும்.

மாண்ட்ரியல் கனடியன்ஸ் தொடங்கியது 1909 டிசம்பர் 4. அவர்கள் ஆடுகிற தேசிய ஹாக்கி லீக் பிறந்ததே 1917 நவம்பரில்தான். அதாவது லீக்கைவிட அணிக்கு வயது அதிகம். இதுவரை 24 ஸ்டான்லி கோப்பை. இந்த ஆட்டத்தின் உச்சக் கோப்பை அதுதான். முதலாவது 1916-ல், கடைசியாக 1993-ல். அடுத்த இடத்தில் இருக்கும் டொரான்டோ மேப்பிள் லீஃப்ஸிடம் 13. இடைவெளியைப் பாருங்கள், அம்மா. இரண்டாம் இடத்துக்காரர்கள் இன்னும் பதினொரு தடவை ஜெயித்தால்தான் பக்கத்தில் வந்து நிற்க முடியும்.

கே: அந்த ஸ்டான்லி கோப்பை அசல் வெள்ளியா? எத்தனை கிலோ? வருஷா வருஷம் புதிதாகச் செய்வார்களா?
– செவ்வாய்ப்பேட்டை, கொலுசுப் பட்டறைக்காரர்

ப: கொலுசுக்காரரிடமிருந்து இந்தக் கேள்வி வந்ததில் எனக்கு அவ்வளவு சந்தோஷம், ஐயா. வேறு யாரும் எடையைக் கேட்கவில்லை.

கனடாவில் கவர்னர் ஜெனரலாக இருந்த ஸ்டான்லி பிரபு 1892-ல் வாங்கிக் கொடுத்தது ஒரு சின்ன வெள்ளிக் கிண்ணம். பழக்கூடை அளவுதான் இருக்கும். லண்டனில் பத்து கினி கொடுத்து வாங்கியது. ஜெயித்தவர்களின் பெயரைப் பொறிக்கப் பொறிக்க இடம் போதாமல், கீழே வளையம் வளையமாகச் சேர்த்துக்கொண்டே போனார்கள். இப்போது உயரம் ஏறத்தாழ மூன்று அடி, எடை பதினைந்தரைக் கிலோ. வெள்ளியோடு நிக்கல் கலந்த உலோகம். நாளாக ஆகக் கிண்ணம் நலிந்துபோனதால், 1963-ல் மாண்ட்ரியலில் பட்டறை வைத்திருந்த கார்ல் பீட்டர்சன் என்ற வெள்ளிக் கொல்லர் அதே மாதிரி ஒன்றைச் செய்தார். இன்று வீரர்கள் தலைக்கு மேல் தூக்குவது அவர் செய்த கிண்ணத்தைத்தான். பழைய கிண்ணம் டொரான்டோ அருங்காட்சியகத்தில் பத்திரமாக இருக்கிறது. புதிதாகச் செய்து கொடுக்கிற வழக்கம் கிடையாது. ஒரே கோப்பைதான் கைமாறிக்கொண்டே இருக்கும். வளையங்கள் நிரம்பினால் பழையதில் ஒன்றைக் கழற்றி வைத்துவிட்டுப் புது வளையம் பூட்டுவார்கள்.

எழுத்துப் பொறிக்கும் வேலையில் நீங்கள் எவ்வளவு கவனமாக இருப்பீர்கள் என்று எனக்குத் தெரியும். அங்கே தவறு நிறைய. கனடியன்ஸின் கோல்கீப்பர் ஜாக் பிளாண்ட் அடுத்தடுத்து ஐந்து கோப்பை ஜெயித்தவர். அவர் பெயரையே வருஷத்துக்கு ஒரு மாதிரி எழுத்துக்கூட்டிப் பொறித்திருக்கிறார்கள்!

அந்தக் கோப்பையில் எனக்குப் பெரிதாகப் படுவது, யாருமே ஜெயிக்காத ஒரு வருஷம். 1919. கனடியன்ஸ் சியாட்டில் வரைக்கும் போய் இறுதித் தொடர் ஆடினார்கள். ஐந்து ஆட்டம் முடிந்தபோது ஆளுக்கு இரண்டு வெற்றி, ஒன்று டிரா. ஆறாவது ஆட்டத்தன்று கனடியன்ஸ் வீரர்களில் பாதிப் பேருக்கு மேல் படுத்த படுக்கை. உலகத்தையே வாரிக்கொண்டு போன அந்த விஷக் காய்ச்சல். ஆட ஆளில்லை, கோப்பையை நீங்களே வைத்துக்கொள்ளுங்கள் என்று கனடியன்ஸ் தரப்பு சொல்லியும், ஆடாமல் வாங்க மாட்டோம் என்று சியாட்டில்காரர்கள் மறுத்துவிட்டார்கள். ஏப்ரல் 5-ம் தேதி ஜோ ஹால் என்ற தடுப்பாட்ட வீரர் ஆஸ்பத்திரியிலேயே இறந்துபோனார். கோப்பையில் இரண்டு அணிகளின் பெயரையும் போட்டு, 'தொடர் முடியவில்லை' என்று பிற்பாடு பொறித்தார்கள். என் அப்பாயி அதே காய்ச்சலில் தன் அண்ணனைப் பறிகொடுத்தவர். சாகும்வரை அந்தப் பேச்சை எடுத்தாலே எழுந்து போய்விடுவார். அந்த வரியைப் படித்த அன்று எனக்கு ஜோ ஹால் யாரோ ஒரு வெள்ளைக்காரராகத் தெரியவில்லை.

கே: பாஸ்டன் புரூயின்ஸ் 2022-23 சீசனில் 135 பாயிண்ட் எடுத்து கனடியன்ஸின் 132-ஐ உடைத்துவிட்டது. அப்புறமும் 1976-77 கனடியன்ஸ்தான் பெரிய அணி என்று எழுதுகிறீர்களே, எப்படி?
– ஓமலூர், கல்லூரி மாணவர்

ப: தம்பி, கோபப்படாமல் கேள். உன் எண்கள் இரண்டும் சரி. 2023 ஏப்ரல் 11-ம் தேதி பாஸ்டன் வாஷிங்டனை ஜெயித்து 132-ஐத் தாண்டியபோது நான் மகள் வீட்டுச் சோபாவில்தான் இருந்தேன். மாப்பிள்ளை டிவியை அணைத்துவிட்டு எழுந்து போய் ஜன்னலோரம் நின்றுகொண்டார். நாற்பத்தாறு வருஷம் நின்ற சாதனை.

ஆனால் எடையைச் சொன்னால் எந்தத் தராசு என்றும் சொல்ல வேண்டும். கனடியன்ஸ் 132 எடுத்தது 80 ஆட்டத்தில். பாஸ்டன் 135 எடுத்தது 82 ஆட்டத்தில். ஒரு வெற்றிக்கு இரண்டு பாயிண்ட். ஆக, கனடியன்ஸ் எடுத்திருக்கக்கூடிய 160-ல் 132, அதாவது நூற்றுக்கு 82.5. பாஸ்டன் 164-ல் 135, நூற்றுக்கு 82.3. ஒரு முடி அகலம்தான். ஆனாலும் கனடியன்ஸ்தான் மேலே.

இன்னொன்று. 1976-77-ல் லீக் ஆட்டம் சமமாக முடிந்தால் அப்படியே டிரா, ஆளுக்கு ஒரு பாயிண்ட். ஓவர்டைமே கிடையாது. கனடியன்ஸுக்கு அப்படி 12 டிரா. இப்போது டிரா என்பதே இல்லை. ஓவர்டைம், அதிலும் முடியாவிட்டால் ஒற்றைக்கு ஒற்றை ஷூட்அவுட், யாராவது ஒருவர் ஜெயித்தே ஆக வேண்டும். ஜெயிப்பவருக்கு முழுசாக இரண்டு, தோற்றவருக்கும் ஒன்று. பாஸ்டனின் 135-ல் ஐந்து பாயிண்ட் அப்படித் தோற்று வாங்கியவை. அந்தக் காலத்துக் கனடியன்ஸுக்கும் அந்தப் பன்னிரண்டு டிராவில் கூடுதல் ஐந்து நிமிஷம் கொடுத்திருந்தால் எத்தனை வெற்றியாக மாறியிருக்கும் என்று நீயே யோசித்துப் பார்.

பாஸ்டன் பக்கத்து நியாயத்தையும் சொல்லாமல் விட்டால் என் தராசும் கோணல்தான். 1976-77-ல் லீக்கில் 18 அணி. போட்டிக்கு இன்னொரு லீக் கிளம்பி நல்ல ஆட்டக்காரர்களை இழுத்துக்கொண்டிருந்த காலம். அதனால் வாடிப்போன அணிகள் சில இருந்தன. பாஸ்டன் ஆடியது 32 அணிகளுக்கு நடுவில். சம்பளத்துக்கு உச்சவரம்பு வைத்து எல்லா அணியையும் ஒரே மட்டத்துக்குக் கொண்டுவந்த காலத்தில். அந்த நிலையில் 65 வெற்றி என்பது சாமானியம் இல்லை. அதை நான் குறைத்துப் பேச மாட்டேன்.

சரி, பிறகு ஏன் கனடியன்ஸ்? வெற்றியை விட்டுவிட்டுத் தோல்வியை எண்ணு. 80 ஆட்டத்தில் எட்டே எட்டு. சொந்த ஊரில் நாற்பது ஆட்டம் ஆடி, தோற்றது ஒன்றே ஒன்று. போட்ட கோல் 387, வாங்கிய கோல் 171. அதற்கு மேல், லீக் ஆட்டங்கள் முடிந்து கோப்பைக்காக ஆடும் பிளேஆஃப் சுற்றுகளில் 14 ஆட்டம், அதில் இரண்டே தோல்வி. அக்டோபரிலிருந்து மே வரைக்கும் 94 ஆட்டத்தில் பத்துத் தோல்வி. இறுதியில் யாரை நாலுக்குப் பூஜ்யம் என்று துடைத்தார்கள் தெரியுமா? இதே பாஸ்டனைத்தான்.

2023 பாஸ்டன்? முதல் சுற்றில் ஃபுளோரிடா பாந்தர்ஸ். கிழக்குப் பக்கத்தில் கடைசி இடத்தைப் பிடித்து உள்ளே வந்த அணி. பாஸ்டன் மூன்றுக்கு ஒன்று என்று முன்னால் இருந்து, அடுத்த மூன்றையும் விட்டது. ஏழாவது ஆட்டம் ஏப்ரல் 30, பாஸ்டனிலேயே. கடைசி நிமிஷத்தில் ஃபுளோரிடா சமன் செய்து, ஓவர்டைமில் 4-3. பாஸ்டன் வீரர்கள் பெஞ்சில் அசையாமல் உட்கார்ந்திருந்ததை டிவியில் நெடுநேரம் காட்டினார்கள். அந்த முகங்களைப் பார்த்த பிறகு மாப்பிள்ளைகூட ஒரு வார்த்தை கேலியாகப் பேசவில்லை.

விகிதக் கணக்கில் உச்சம் எது என்று நீ துருவினால் பதில் இரண்டு பேருக்குமே இல்லை. 1929-30 பாஸ்டன், 44 ஆட்டத்தில் 38 வெற்றி, 88-ல் 77 பாயிண்ட். நூற்றுக்கு 87.5. அந்த வருஷம் அவர்களை இறுதியில் மடக்கிக் கோப்பையை எடுத்துக்கொண்டு போனது யார் என்பதை மட்டும் நீயே தேடிப் பார்த்து எனக்கு எழுது.

கே: ஆறே அணி இருந்த காலத்தில் ஐந்து தடவை தொடர்ந்து ஜெயித்தது ஒரு சாதனையா? எங்கள் தெரு கேரம் போட்டியில்கூட எட்டு அணி.
– மேட்டூர் வாசகர்

ப: நியாயமான கேள்விதான். 1942 முதல் 1967 வரை லீக்கில் ஆறே அணி. 1956 முதல் 1960 வரை ஐந்து கோப்பையும் கனடியன்ஸுக்கு. ஆனால் ஆறு அணி என்றால் வட அமெரிக்கா முழுக்க அந்த உச்சியில் ஆட இடம் நூற்றுச் சொச்சம் பேருக்குத்தான். ஒரு இடத்துக்குக் கீழே எத்தனை பேர் காத்திருந்திருப்பார்கள்! வலுவில்லாத அணி என்று ஒன்றைக் கை காட்டுவதே கஷ்டம். அதே ஐந்து எதிரியோடு ஒரு சீசனில் 70 ஆட்டம். உங்கள் கையிருப்பு முழுக்க எதிராளிக்கு அத்துப்படி.

அந்த அணியின் பலத்துக்கு நான் காட்டும் அத்தாட்சி, கோப்பை எண்ணிக்கை அல்ல. ஒரு விதி. தவறு செய்த ஆட்டக்காரரை இரண்டு நிமிஷம் வெளியே உட்கார வைப்பார்கள். அவர் அணி ஓர் ஆள் குறைவாக ஆடும். அப்போதெல்லாம் இரண்டு நிமிஷமும் முழுசாக உட்கார்ந்தாக வேண்டும், எதிரணி எத்தனை கோல் போட்டாலும் சரி. 1955 நவம்பர் 5, பாஸ்டனோடு ஆட்டம். பாஸ்டன் பக்கம் ஆள் குறைந்த அந்தச் சில வினாடிகளில் கனடியன்ஸின் ஜான் பெலிவோ மூன்று கோல் போட்டார். 44 வினாடியில் மூன்று! அடுத்த சீசனிலிருந்து விதி மாறிவிட்டது: ஒரு கோல் விழுந்தால் வெளியே இருப்பவர் உள்ளே வந்துவிடலாம். ஓர் அணியின் கையைக் கட்ட விதியையே திருத்தினார்கள் என்றால் அதைவிடப் பெரிய சான்றிதழ் என்ன வேண்டும்? கையைக் கட்டிய பிறகும் நாலு கோப்பை எடுத்தார்கள். 1960 பிளேஆஃப்பில் எட்டு ஆட்டம், எட்டும் வெற்றி.

ஆனால் உங்கள் சந்தேகத்தை வேறு இடத்தில் வைத்துப் பாருங்கள், பொருந்தும். 1928-29-ல் கனடியன்ஸ் கோல்கீப்பர் ஜார்ஜ் ஹெய்ன்ஸ்வர்த் 44 ஆட்டத்தில் 22-ல் ஒரு கோல்கூட விடவில்லை. இன்றைக்கும் யாரும் தொடாத எண். எதிரணியின் எல்லைக்குள் பக்கை முன்னோக்கிக் கடத்தவே கூடாது என்ற விதி அந்தச் சீசன் வரை இருந்தது. அடுத்த சீசனில் அது போனது, கோல்கள் இரட்டிப்புக்கு மேல் ஆயின. ஹெய்ன்ஸ்வர்த் திறமைசாலி, சந்தேகமில்லை. ஆனால் அந்த 22-ஐ எழுதும்போது பக்கத்தில் அந்த விதியையும் சேர்த்துத்தான் எழுத வேண்டும்.

மோரிஸ் ரிஷார் 1944-45-ல் 50 ஆட்டத்தில் 50 கோல் போட்டபோதும் இதே பேச்சு வந்தது. நல்ல ஆட்டக்காரர்கள் பலர் போருக்குப் போய்விட்டார்கள், அதனால்தான் என்றார்கள். போர் முடிந்து எல்லோரும் திரும்பி வந்த பிறகு, 1946-47-ல் 45 கோல் போட்டுப் பதில் சொன்னார். அவர் தம்பி ஆன்ரி ரிஷார் கதை இன்னும் மேலே: ஆட்டக்காரராகப் பதினொரு ஸ்டான்லி கோப்பை. அந்த எண்ணை யாரும் எட்டவில்லை.

கே: என் மகன் பள்ளி ஹாக்கி அணியில் கோல்கீப்பர். ஹெல்மெட் போட்டால் கூட ஆடும் பையன்கள் 'பயந்தாங்கொள்ளி' என்கிறார்களாம். கழற்றி வைத்துவிடுகிறான். நீங்கள் ஏதாவது சொல்லுங்கள்.
– சூரமங்கலம், ஒரு தாய்

ப: அவனைப் பக்கத்தில் உட்கார வைத்து இதைப் படித்துக் காட்டுங்கள், அம்மா.

கண்ணு, மேலே ஜாக் பிளாண்ட் என்று ஒருவர் பெயர் வந்ததே, அவர் காலத்தில் ஐஸ் ஹாக்கி கோல்கீப்பர்கள் வெறும் முகத்தோடுதான் நிற்பார்கள். உறைந்த ரப்பர் வில்லை முகத்துக்கு நேரே வரும். பிளாண்ட் பயிற்சியின்போது முகமூடி போட்டுக்கொள்வார். ஆட்டத்தில் போட அவருடைய பயிற்சியாளர் டோ பிளேக் சம்மதிக்கவில்லை. முகமூடி போட்டால் பக் கண்ணில் படாது, ஆளும் மெத்தனமாகிவிடுவார் என்பது அவர் நினைப்பு. ஊரார் நினைப்பு நீ கேட்பதேதான், பயந்தவன்.

1959 நவம்பர் 1, நியூயார்க். ரேஞ்சர்ஸ் அணியின் ஆண்டி பாத்கேட் அடித்த பக் பிளாண்டின் முகத்தைக் கிழித்தது. ரத்தம் பனியில் சொட்டச் சொட்ட உள்ளே போனார். தையல் போட்டார்கள். அந்தக் காலத்தில் ஓர் அணிக்கு ஒரே கோல்கீப்பர்தான், மாற்றுக்கு ஆள் இல்லை. ஆட்டம் நிற்கிறது. முகமூடி இல்லாமல் திரும்பப் போக மாட்டேன் என்றார் பிளாண்ட். பிளேக்குக்கு வேறு வழி இல்லை. முகமூடியோடு வந்து நின்றார், கனடியன்ஸ் 3-1 என்று ஜெயித்தது. அந்தச் சீசன் முடிவில் வந்ததுதான் ஐந்தாவது தொடர் கோப்பை. இன்று முகமூடி இல்லாத கோல்கீப்பரை அந்த லீக்கில் நீ பார்க்கவே முடியாது.

கேலி செய்கிற பையன்களை ஒரு நாள், ஒரே ஒரு நாள், கோலுக்கு முன்னால் நிற்கச் சொல். ஹெல்மெட்டைக் கழற்றாதே.

கே: இத்தனை கோப்பையில் ஒன்றாவது அழுகுணி ஆட்டத்தில் வந்ததா? உண்மையைச் சொல்லவும்.
– கொண்டலாம்பட்டி வாசகர்

ப: அப்படி ஒரு குற்றச்சாட்டு உண்டு. 1993, அவர்களின் கடைசிக் கோப்பை. அளவெடுக்கிற வேலையில் இருந்தவன் என்பதால் எனக்கு இது பாடமாகவே ஆகிவிட்டது.

எதிரணி லாஸ் ஏஞ்சலஸ் கிங்ஸ். அதில் இந்த ஆட்டத்தின் மிகப் பெரிய நட்சத்திரமான வேய்ன் கிரெட்ஸ்கியே இருக்கிறார். முதல் ஆட்டம் கிங்ஸுக்கு. இரண்டாவதிலும் 2-1 என்று கிங்ஸ் முன்னால், மிச்சம் இரண்டு நிமிஷம்கூட இல்லை. அப்போது கனடியன்ஸ் பயிற்சியாளர் ஜாக் டெமர்ஸ் நடுவரைக் கூப்பிட்டு, எதிரணியின் மார்ட்டி மக்சோர்லியின் மட்டையை அளக்கச் சொன்னார். மட்டையின் நுனிப் பலகை அரை அங்குலத்துக்கு மேல் வளைந்திருக்கக் கூடாது என்பது அன்றைய விதி. வளைவு கூடினால் பக்கைத் தூக்கி வீசுவது சுலபம். நடுவர் அளவுகோலை வைத்தார். வளைவு அதிகம். மக்சோர்லி இரண்டு நிமிஷம் வெளியே. டெமர்ஸ் தன் கோல்கீப்பரையும் வெளியே எடுத்துவிட்டு இன்னோர் ஆளை உள்ளே அனுப்பினார், கிங்ஸின் கோல்கீப்பரை விட்டால் நாலு பேருக்கு எதிராக ஆறு பேர். தடுப்பாட்டக்காரர் எரிக் டேஜார்டான் சமன் செய்தார். ஓவர்டைம் தொடங்கி ஒரு நிமிஷம் ஆகும் முன் அவரே வெற்றிக் கோலையும் போட்டார். அந்த ஆட்டத்தில் கனடியன்ஸின் மூன்று கோலும் அவருடையவை. தொடர் 4-1 என்று முடிந்தது.

மட்டையைத் திருட்டுத்தனமாக முன்கூட்டியே பார்த்துவிட்டுத்தான் கேட்டார்கள் என்று கிங்ஸ் பக்கம் இன்றும் ஒரு பேச்சு உண்டு. என் தீர்ப்பைக் கேட்டால், அளவு மீறிய பொருள் அளவு மீறியதுதான். கேட்டவர் எப்படித் தெரிந்துகொண்டார் என்பதால் வளைவு நேராகிவிடாது. அதோடு, அந்த ஒரு மட்டையால் வந்த கோப்பையும் அல்ல அது. அந்தப் பிளேஆஃப்பில் கனடியன்ஸ் தொடர்ந்து பத்து ஓவர்டைம் ஆட்டத்தை ஜெயித்தது. ஓவர்டைமில் ஒரு கோல் விழுந்தால் அத்தோடு ஆட்டம் காலி. ஒரு சறுக்கல் போதும். பத்துத் தடவை அந்தக் கத்தி முனையில் நின்று பத்துத் தடவையும் கோல்கீப்பர் பாட்ரிக் ருவா அசையவில்லை. 24 கோப்பையில் எனக்கு அந்தப் பத்துதான் நம்பவே முடியாதது.

கே: எங்கள் ஏற்காட்டில் நல்ல குளிர்தானே? இங்கே ஐஸ் ஹாக்கி ஆட முடியாதா?
– ஏற்காடு, காப்பித் தோட்டத்திலிருந்து ஒன்பதாம் வகுப்பு மாணவி

ப: பாப்பா, இருபது கொண்டை ஊசி வளைவு ஏறி வந்தாலும் ஏற்காட்டுக் குளிர் ஏரியை உறைய வைக்கிற குளிர் இல்லை. டிசம்பர் விடியற்காலையில்கூடத் தண்ணீர் தண்ணீராகத்தான் இருக்கும். மாண்ட்ரியலிலும் அரங்கத்துப் பனி தானாக உறைந்தது அல்ல. தரைக்கு அடியில் குழாய் பதித்து உறைகுளிர்த் திரவத்தை ஓட விட்டு, மேலே மெல்ல மெல்லத் தண்ணீர் தெளித்து, ஓர் அங்குலம்கூட இல்லாத கனத்துக்குப் பனியைக் கட்டுகிறார்கள். மின்சாரச் செலவைத் தாங்கினால் எந்த ஊரிலும் கட்டலாம்.

ஆனால் நம்ம நாட்டில் ஐஸ் ஹாக்கி இருக்கிறது, தெரியுமா? லடாக்கில் குளம் குட்டையெல்லாம் உறைந்ததும் பிள்ளைகள் மட்டையோடு இறங்கிவிடுகிறார்கள். அங்கிருந்து வந்த பெண்கள்தான் நம்ம தேசிய அணியின் முதுகெலும்பு. 2025-ல் ஆசியக் கோப்பையில் இந்தியப் பெண்கள் வெண்கலம் வென்றார்கள். வருஷத்தில் இரண்டு மூன்று மாதம் மட்டும் கிடைக்கிற இயற்கைப் பனியில் பழகிய பிள்ளைகள் அவர்கள். உனக்கு ஆசை இருந்தால் முதலில் சக்கர ஸ்கேட் பழகு. கால் சமநிலை வந்துவிட்டால் பனி பிறகு வசப்படும். எழுது, உன் முன்னேற்றத்தைத் தெரிந்துகொள்ள எனக்கு ஆசை.

கே: நேரில் ஓர் ஆட்டம் பார்த்ததாக எழுதியிருந்தீர்களே, அதைப் பற்றி விவரமாகச் சொல்லாமல் விட்டுவிட்டீர்கள்.
– குகை வாசகர்

ப: இடம் போதவில்லை, அதனால் விட்டேன். 2023 ஏப்ரல் 13, சீசனின் கடைசி ஆட்டம். பெல் சென்டர் அரங்கம், இருபத்தோராயிரம் பேர் உட்காரலாம். முந்தின வாரம்தான் உறைமழை பெய்து, மரக்கிளைகள் கண்ணாடி பூசினது போல ஆகி ஒடிந்து விழுந்து, ஊரில் பாதி மின்சாரம் இல்லாமல் கிடந்தது. அந்தக் களைப்பிலும் ஜனம் குடும்பம் குடும்பமாக வந்திருந்தது. மாப்பிள்ளை தன் அலுவலக நண்பரிடம் சொல்லி எனக்கு ஒரு டிக்கெட் வாங்கியிருந்தார். ஒன்றுதான் கிடைத்தது. தனியாகப் போனேன்.

எதிரணி யார் தெரியுமா? பாஸ்டன். இரண்டு நாளுக்கு முன்னால்தான் 132-ஐ உடைத்துவிட்டு வந்திருக்கிறார்கள். கனடியன்ஸுக்கு அந்தச் சீசன் 31 வெற்றி, நேரத்துக்குள் தோற்றது மட்டும் 45. பிளேஆஃப் நம்பிக்கை எப்போதோ போய்விட்டது. ஜெயித்தும் ஆகப் போவது ஒன்றுமில்லை. டிவியில் கேட்காத ஒரு சத்தம் அங்கே இருக்கிறது: ஸ்கேட் பிளேடு பனியைச் சீவுகிற சத்தம். பட்டறையில் தகடு சீவுகிற மாதிரி, ஆனால் ஈரமாக. கூரையிலிருந்து வரிசையாகக் கோப்பை வருஷங்கள் எழுதிய கொடிகள் தொங்குகின்றன. 1976-77 கொடியை நான் தேடிக் கண்டுபிடித்து வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஆட்டம் 5-4, பாஸ்டனுக்கு. அவர்களின் 65-வது வெற்றி, 135-வது பாயிண்ட். கனடியன்ஸ் கடைசி வரை விடாமல் துரத்தினார்கள். ஒன்றும் இல்லாத ஆட்டத்துக்கு இவ்வளவு ஓட்டமா என்று எனக்குத் தொண்டை அடைத்தது.

பக்கத்து இருக்கையில் ஒரு பெரியவர், என்னைவிடப் பத்து வயது மூத்தவர் இருப்பார். சிவப்புச் சட்டை சாயம் போய் வெளுத்திருந்தது. அவருக்கு பிரெஞ்சு, எனக்குத் தமிழும் கொஞ்சம் ஆங்கிலமும். ஆட்டம் முடிந்து ஜனம் எழுந்தும் அவர் எழவில்லை, நானும் எழவில்லை. அவர் மேலே அந்தக் கொடியைக் காட்டினார். நான் நெடுநேரமாக அதைப் பார்த்துக்கொண்டிருந்ததைக் கவனித்திருக்கிறார். அப்புறம் கையுறையைக் கழற்றிவிட்டு, ஒரு கையில் ஐந்து விரல், மறு கையில் மூன்று விரல் நீட்டினார். 'வீத்' என்றார். பிரெஞ்சில் எட்டு. நான் தலையாட்டி, 'எட்டு' என்றேன். அவரும் சொல்லிப் பார்த்தார், 'எத்து', 'எத்து'. இரண்டு மூன்று தடவை சொன்ன பிறகு சரியாக வந்தது.